மகனுக்கு ஏன் ஜாமின் இல்லை? சுங்கை சிப்புட் வாசகிக்குப் பதில்

மலேசியாவின் சுங்கை சிப்புட்டுக்கு வெளியே ஒரு தோட்டத்திலிருந்து ஒரு தாய் எழுதியிருக்கிறார். அவருடைய 24 வயது மகன் டவுனில் மோட்டார் சைக்கிள் பட்டறையில் வேலை செய்பவர். பட்டறையில் பலரும் எடுத்து ஓட்டும் ஒரு மோட்டாரின் இருக்கைக்கு அடியில் நான்கு பாக்கெட் ஷாபு என்ற போதைப்பொருள் இருந்ததாகச் சொல்லிப் போலீஸ் பிடித்திருக்கிறது. பதினான்கு நாள் லோக்காப்பில் இருந்த பிறகு கோர்ட்டில் குற்றம் சாட்டினார்கள். 'ஜாமின் கிடையாது' என்று ஒரு நிமிடத்தில் சொல்லிச் சிறைக்கு அனுப்பிவிட்டார்கள். அதே வாரம் பக்கத்து லயத்துப் பையனும் ஷாபு வழக்கில்தான் பிடிபட்டான்; அவன் 6,000 வெள்ளி ஜாமினில் வீட்டுக்கு வந்துவிட்டான். "என் கணவருக்கு வாரத்தில் மூன்று நாள் டயாலிசிஸ். மகன் சம்பளம்தான் குடும்பத்துக்கு. நீதிபதி இதையெல்லாம் கேட்கவே இல்லை. 15,000 வெள்ளி கொடுத்தால் வெளியே எடுத்துவிடலாம் என்று ஒருவர் சொல்கிறார். ஹைகோர்ட்டில் ஜாமின் கேட்கலாமா?" இதுதான் அவர் கேள்வி.

அன்புள்ள அம்மா,

அந்த 15,000 வெள்ளியை யாரிடமும் கொடுக்க வேண்டாம். ஏன் என்று பிறகு சொல்கிறேன். முதலில், கோர்ட்டில் கொடுத்த குற்றச்சாட்டுத் தாளை எடுத்து முன்னால் வைத்துக்கொள்ளுங்கள். உங்களிடம் இல்லையென்றால் வழக்கறிஞரிடம் ஒரு நகல் கேளுங்கள். மலாயில் இரண்டு பத்தி இருக்கும். முதல் பத்தி, எந்தத் தேதி, எத்தனை மணி, எந்த இடம், என்ன பொருள், எவ்வளவு எடை என்று சொல்லும். முடிவில் 'டான் போலே டிஹுக்கும் டி பாவா செக்‌ஷென்' என்று ஒரு வரி வரும். எந்தப் பிரிவின் கீழ் தண்டிக்கலாம் என்பதைச் சொல்லும் வரி அது. அதற்குப் பிறகு என்ன எண் இருக்கிறது என்று பாருங்கள். நீங்கள் எழுதியதை வைத்துப் பார்த்தால் அங்கே '39ஏ(2)' என்று இருக்க வேண்டும். பக்கத்து லயத்துப் பையனின் தாளில் '39ஏ(1)' இருக்கும், அல்லது வெறும் '12(3)' இருக்கும். உங்கள் மகன் உள்ளே இருப்பதற்கும் அவன் வெளியே இருப்பதற்கும் காரணம் அந்த எண்தான். நீதிபதியின் மனசு இதில் வேலை செய்யவே இல்லை.

1952ஆம் ஆண்டு அபாயகரப் போதைப்பொருள் சட்டத்தில் 41பி என்று ஒரு பிரிவு உண்டு. அது மூன்று விஷயம் சொல்கிறது. மரண தண்டனை விதிக்கக்கூடிய குற்றமானால் ஜாமின் இல்லை. ஐந்து ஆண்டுக்கு மேல் சிறை விதிக்கக்கூடிய குற்றமானாலும் இல்லை. ஐந்து ஆண்டோ அதற்குக் குறைவோ என்றால் ஜாமின் கேட்கலாம். ஆனால் 'ஜாமின் கொடுப்பது பொது நலனுக்கு உகந்ததல்ல' என்று அரசுத் தரப்பு எழுத்துப்பூர்வமாகச் சான்று கொடுத்தால் அங்கேயும் கதவு சாத்திக்கொள்ளும். வேறு எந்தச் சட்டம் மாறாகச் சொன்னாலும் இதுதான் செல்லும் என்று அதே பிரிவு முடிக்கிறது.

அந்தக் கடைசி வாசகம்தான் பல குடும்பங்களுக்குத் தெரியாத இடம். குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 388ஆவது பிரிவில், கடுமையான குற்றமானாலும் பெண்கள், 16 வயதுக்குக் கீழ்ப்பட்டவர்கள், நோயாளிகள் ஆகியோரை ஜாமினில் விடலாம் என்று ஒரு சலுகை இருக்கிறது. மற்ற வழக்குகளில் அதைப் பார்த்தவர்கள் 'பெண் பிள்ளையாச்சே, விட்டுடுவாங்க', 'ஆஸ்துமா இருக்கு, லெட்டர் காட்டலாம்' என்று நம்பிக் கோர்ட்டுக்கு வருகிறார்கள். போதைப்பொருள் வழக்கில் 41பி வந்து நின்றால் அந்தச் சலுகை வேலைக்கு ஆகாது. அந்தச் சலுகை இருந்த வழக்குகளிலும் மேல் நீதிமன்றங்கள் தாராளம் காட்டியதில்லை. பெண் என்பது மட்டும் போதாது, மிகவும் விசேஷமான காரணம் வேண்டும் என்று சொல்லியிருக்கின்றன.

ஆகவே உங்கள் கணவரின் டயாலிசிஸ் பற்றி நீதிபதி கேட்காதது இரக்கமில்லாததால் அல்ல. கேட்டாலும் அவரால் எதுவும் செய்ய முடியாது. ஹைகோர்ட்டுக்கும் இதே கட்டுதான். 39ஏ(2) குற்றச்சாட்டு அப்படியே இருக்கும்போது 'ஹைகோர்ட்டில் ஜாமின் எடுத்துத் தருகிறேன்' என்று கட்டணம் கேட்கும் வழக்கறிஞரிடம், 41பி-யை எப்படித் தாண்டுவீர்கள் என்று கேளுங்கள். பதில் தெளிவாக இல்லையென்றால் காசை வைத்துக்கொண்டு வீட்டுக்கு வாருங்கள்.

இனி எடைக்கு வருவோம். பிரிவு எண்ணைத் தீர்மானிப்பது எடைதான். ஷாபு என்று நாம் சொல்வது மெத்தம்பெட்டமின். அது 5 கிராமுக்குக் கீழே இருந்தால் 12(3): ஐந்து ஆண்டு வரை சிறை, அல்லது ஒரு லட்சம் வெள்ளி வரை அபராதம், அல்லது இரண்டும். 5 கிராமிலிருந்து 30 கிராமுக்குக் கீழ் வரை 39ஏ(1): இரண்டு முதல் ஐந்து ஆண்டு சிறை, மூன்று முதல் ஒன்பது பிரம்படி. 30 கிராமைத் தொட்டுவிட்டால் 39ஏ(2): குறைந்தது ஐந்து ஆண்டு, அதிகபட்சம் ஆயுள், பத்துக்குக் குறையாத பிரம்படி. 50 கிராமோ அதற்கு மேலோ இருந்தால், வைத்திருந்தவர் கடத்தல்காரர் என்று சட்டமே அனுமானிக்கும். அதுதான் எல்லோரும் பயப்படும் 39பி. அதற்கு மரண தண்டனை, அல்லது ஆயுள் தண்டனையும் பிரம்படியும். 2023 ஜூலையிலிருந்து மரண தண்டனை கட்டாயமில்லை, நீதிபதி தேர்ந்தெடுக்கலாம். ஆனால் விதிக்கக்கூடிய தண்டனையாக அது இன்னும் இருக்கிறது என்பதால் ஜாமின் விஷயத்தில் ஒன்றும் மாறவில்லை.

மற்றப் பொருள்களுக்குக் கணக்கு வேறு. ஹெராயினுக்கு 2 கிராம், 5 கிராம், 15 கிராம் என்று படிகள். கஞ்சாவுக்கு 20, 50, 200. இரண்டு வகைப் பொருள் பிடிபட்டால் இரண்டு குற்றச்சாட்டு வரும். அதில் ஒன்று மட்டும் 39ஏ(2) ஆக இருந்தாலும் ஆள் வெளியே வர முடியாது. எடை குறைவு என்பதால் மட்டும் 39பி வராது என்றும் நினைக்க வேண்டாம். விற்றதை, கைமாற்றியதை நேரடியாக நிரூபிக்க முடியும் என்று நினைத்தால் 50 கிராமுக்குக் கீழேயும் அரசுத் தரப்பு கடத்தல் குற்றம் சாட்டலாம்.

39ஏ(1) எங்கே நிற்கிறது என்று கவனியுங்கள். அதிகபட்சம் ஐந்து ஆண்டு. 41பி தடுப்பது 'ஐந்து ஆண்டுக்கு மேல்' போகும் குற்றங்களை. ஆக 29.9 கிராம் வைத்திருந்தவர் ஜாமின் கேட்கலாம். 30 கிராம் வைத்திருந்தவர் கேட்க முடியாது. சட்டத்தில் இவ்வளவு மெல்லிய கோடு வேறு இடத்தில் அதிகம் இல்லை. உங்கள் மகனுக்கும் பக்கத்து லயத்துப் பையனுக்கும் நடுவில் இருப்பது நான்கைந்து கிராமாகக்கூட இருக்கலாம்.

இப்போது குற்றச்சாட்டில் எழுதியிருக்கும் எடை எங்கிருந்து வந்தது? போலீஸ் பிடித்த அன்று ஸ்டேஷனில் நிறுத்தது பெரும்பாலும் பிளாஸ்டிக் பாக்கெட்டோடு சேர்ந்த எடை. மலாயில் 'பெராட் காசார்' என்பார்கள், மொத்த எடை. பிறகு பொருளை மூடி முத்திரை வைத்து இரசாயன இலாகாவுக்கு அனுப்புவார்கள். அங்கே பிளாஸ்டிக்கை நீக்கி நிறுத்து, அந்தப் படிகத்துக்குள் உண்மையில் எவ்வளவு மெத்தம்பெட்டமின் இருக்கிறது என்று சோதிப்பார்கள். கடைத்தெருவில் ஓடும் ஷாபுவில் கலப்படம் உண்டு. 36 கிராம் என்று எழுதிய நான்கு பாக்கெட்டில் பிளாஸ்டிக் போக 33 கிராம் படிகம் இருந்து, அதில் மெத்தம்பெட்டமின் 27 கிராம்தான் என்று அறிக்கை வரலாம். அப்படி வந்தால் 39ஏ(2) நிற்காது. குற்றச்சாட்டைத் திருத்தி 39ஏ(1) ஆக்க வேண்டும். அந்த நிமிடமே ஜாமின் கேட்கும் உரிமை திரும்ப வரும். 36 கிராமில் 31 தூய எடையென்று வந்தால் எதுவும் மாறாது என்பதையும் மனதில் வைத்துக்கொள்ளுங்கள். அந்தப் படிகம் நன்றாக இருந்ததா மட்டமாக இருந்ததா என்பதில் ஒரு பையனின் சுதந்திரம் தொங்குகிறது. விசித்திரம்தான், ஆனால் நடைமுறை அதுதான்.

எனவே அடுத்த தவணையில் உங்கள் வழக்கறிஞர் எழுந்து கேட்க வேண்டிய முதல் கேள்வி: இரசாயன அறிக்கை தயாரா? அரசுத் தரப்பு வழக்கறிஞர், நாம் டிபிபி என்பவர், இன்னும் வரவில்லை என்றால் ஒரு மாதமோ அதற்கு மேலோ தள்ளிப்போகும். ஒவ்வொரு தவணையிலும் கேட்டு, கோர்ட்டின் குறிப்பில் அது பதிவாக வேண்டும். அறிக்கை வந்ததும் நகல் வாங்கி, குற்றச்சாட்டில் உள்ள எடை எதைக் குறிக்கிறது, அறிக்கையில் உள்ள 'பெராட் பெர்சே', அதாவது நிகர எடை எவ்வளவு, பாக்கெட்டின் எண்ணிக்கையும் முத்திரையும் போலீஸ் ரிப்போர்ட்டோடு பொருந்துகிறதா என்று வரிவரியாக ஒப்பிட வேண்டும். இங்கே தூங்கிவிடும் வழக்கறிஞர்களும் உண்டு. அறிக்கை கோப்பில் வந்து உட்கார்ந்திருக்கும், யாரும் பார்க்காமல் இரண்டு தவணை ஓடிவிடும். நீங்கள் கேட்டுக்கொண்டே இருந்தால் அது நடக்காது.

எடை 30-க்கு மேலேயே நின்றால் அடுத்த வழி 'ரெப்ரசென்டேஷன்'. குற்றச்சாட்டைக் கொண்டுவருவது, மாற்றுவது, கைவிடுவது எல்லாம் அரசாங்கத் தலைமை வழக்கறிஞரின் அதிகாரம். கூட்டரசு அரசியலமைப்பின் 145ஆவது பிரிவு அதை அவரிடம் கொடுத்திருக்கிறது. 'இதைக் குறைத்துப் போடு' என்று நீதிபதி சொல்ல முடியாது. உங்கள் வழக்கறிஞர்தான் அரசு வழக்கறிஞர் அலுவலகத்துக்குக் கடிதம் எழுதிக் கேட்க வேண்டும். அழுகைக் கடிதம் பயன்படாது. மோட்டார் யார் பெயரில் இருக்கிறது, சாவி எங்கே தொங்கியது, அன்று அதை யார் யார் ஓட்டினார்கள், பட்டறை முதலாளி அதற்குச் சாட்சி சொல்வாரா, கேமரா பதிவு உண்டா, மகனின் சிறுநீர்ச் சோதனை முடிவு என்ன, முன்பு தண்டனை உண்டா, இல்லையா: இவைதான் அதில் இருக்க வேண்டும். கேமரா பதிவு என்றால் இன்றே ஓடுங்கள். சின்னக் கடைகளில் பழைய பதிவு மேல் புதியது ஏறிவிடும். கடிதத்துக்குப் பதில் வர நாளாகும், வராமலும் போகலாம், மறுக்கவும் படலாம். ஆனால் ஜாமின் மறுக்கப்பட்ட வழக்கில் குடும்பத்தின் உழைப்பு போக வேண்டிய இடம் இதுதான்.

'இருக்கைக்கு அடியில் இருந்தது, என் மகனுக்குத் தெரியவே தெரியாது' என்பது ஜாமின் கேள்வி அல்ல, விசாரணையின் கேள்வி. அது சாதாரணக் கேள்வியும் அல்ல. போதைப்பொருள் உள்ள எதையாவது தன் கைவசமோ கட்டுப்பாட்டிலோ வைத்திருந்தவர் அதை அறிந்தே வைத்திருந்தார் என்று 37ஆவது பிரிவு அனுமானிக்கிறது. இல்லை என்று காட்டும் சுமை அவர் தலையில் விழும். பலர் ஓட்டிய மோட்டார் என்பது அங்கே பலமான வாதம், ஏனென்றால் கட்டுப்பாடு அவரிடம் மட்டும் இருந்தது என்று சொல்வது கஷ்டம். 39பி வழக்குகளில் பொருள் கைவசம் இருந்ததையும் அனுமானித்து, அந்த அனுமானத்தின் மேல் கடத்தலையும் அனுமானிக்க வழிவிட்ட 37ஏ பிரிவை 2019 ஏப்ரலில் கூட்டரசு நீதிமன்றம் அரசியலமைப்புக்கு முரணானது என்று ரத்து செய்தது. உங்கள் வழக்குக்கு அது நேராகப் பொருந்தாது. ஆனால் அனுமானங்களை நீதிமன்றம் எப்படிப் பார்க்கிறது என்பதற்கு வழக்கறிஞர் அதைப் படித்திருக்க வேண்டும்.

லோக்காப்பில் பதினான்கு நாள் வைத்தது பற்றிக் கோபமாக எழுதியிருந்தீர்கள். சட்டப்படி அது முடியும். தண்டனை 14 ஆண்டோ அதற்கு மேலோ போகும் குற்றமானால் மாஜிஸ்திரேட் முதலில் ஏழு நாள், பிறகு ஏழு நாள் என்று ரிமாண்ட், அதாவது விசாரணைக் காவல், கொடுக்கலாம். அதற்குக் குறைந்த குற்றமானால் நான்கும் மூன்றும். பக்கத்து லயத்துப் பையன் எத்தனை நாள் லோக்காப்பில் இருந்தான் என்று விசாரித்துப் பாருங்கள். ஏழு நாளைத் தாண்டியிருக்காது என்று நினைக்கிறேன். இன்னொன்று: சின்ன எடை வழக்குகளில் ரிமாண்ட் முடிந்ததும் போலீஸே ஜாமினில் விட்டுவிட்டு, இரசாயன அறிக்கை வந்த பிறகு கூப்பிட்டுக் குற்றம் சாட்டுவது உண்டு. அப்படி வந்தவர்கள் 'கேஸ் முடிஞ்சிடுச்சு' என்று சிங்கப்பூர் வேலைக்குப் போய்விட்டு வாரண்டில் மாட்டிக்கொள்கிறார்கள்.

இப்போது நல்ல பக்கத்தைப் பார்ப்போம். குற்றச்சாட்டு 39ஏ(1)-க்கு இறங்கியது என்று வைத்துக்கொள்ளுங்கள். ஜாமின் தானாக வராது. டிபிபி முதலில் பொது நலச் சான்று வைத்திருக்கிறாரா என்று பார்க்க வேண்டும். 'நாங்கள் எதிர்க்கிறோம்' என்று வாயால் சொல்வது சான்று அல்ல. எழுத்தில் இருக்க வேண்டும். சான்று இல்லையென்றால் நீதிபதியின் விருப்புரிமைதான், அங்கேதான் நீங்கள் சொல்ல நினைத்ததெல்லாம் பயன்படும்.

நீதிபதி மனதில் ஓடும் முதல் கேள்வி ஒன்றே: இவரை விட்டால் திரும்பி வருவாரா? 1948ஆம் ஆண்டுத் தீர்ப்பு ஒன்றிலிருந்து நம் நீதிமன்றங்கள் ஏறக்குறைய ஒரே பட்டியலைத்தான் சொல்லி வருகின்றன. குற்றம் எவ்வளவு கடுமை, தண்டனை எவ்வளவு, ஓடிவிடும் வாய்ப்பு, சாட்சியைக் கலைக்கும் வாய்ப்பு, வெளியே போய் அதையே திரும்பச் செய்வாரா, ஆளின் நடத்தையும் வசதியும், தன் வழக்கைத் தயார் செய்ய அவருக்கு வெளியே இருப்பது தேவையா, எவ்வளவு காலம் உள்ளே இருக்க நேரும். ஒவ்வொன்றுக்கும் ஒரு காகிதம் காட்ட முடிந்தால் காட்டுங்கள். லயத்தில் எத்தனை வருடமாகக் குடியிருக்கிறீர்கள் என்று தோட்ட நிர்வாகத்திடமிருந்து ஒரு கடிதம். பட்டறை முதலாளியிடமிருந்து, திரும்ப வேலைக்கு எடுத்துக்கொள்கிறேன் என்று ஒரு கடிதம். அவர் சம்பளத்தைக் கையில் கொடுத்து இபிஎஃப் (ஊழியர் சேமநிதி) கட்டாதவராக இருந்தால், கடிதத்தில் கம்பெனி முத்திரையும் பதிவு எண்ணும் இருக்கட்டும். இல்லையென்றால் டிபிபி அதைக் கிழித்துவிடுவார். டயாலிசிஸ் நிலையத்தின் அட்டவணையும் மருத்துவர் கடிதமும் இங்கேதான் வர வேண்டும். யார் அப்பாவைக் கூட்டிப் போகிறார்கள் என்ற வரியோடு. கடப்பிதழ் இருந்தால் ஒப்படைக்கத் தயார் என்று முதலிலேயே சொல்லிவிடுங்கள். இல்லையென்றால் இல்லை என்றும் சொல்லுங்கள்.

ஒரு எச்சரிக்கை. சிறுநீர்ச் சோதனையில் பாசிட்டிவ் வந்தால் 15(1)(ஏ) என்று தனிக் குற்றச்சாட்டு வரும். 5,000 வெள்ளி வரை அபராதம், அல்லது இரண்டு ஆண்டு வரை சிறை. 'அபராதம் கட்டிட்டு முடிச்சிடலாம்' என்று அன்றே ஒப்புக்கொள்ளும் பையன்கள் அதிகம். அப்படி ஒப்புக்கொண்டால் இரண்டு முதல் மூன்று ஆண்டு கண்காணிப்பு உண்டு. அதோடு, பெரிய வழக்கில் ஜாமின் கேட்கும்போது 'முன் தண்டனை உள்ளவர்' என்று டிபிபி எடுத்து வைக்க அது வசதியாகிவிடும். இரண்டு வழக்கையும் ஒரே வழக்கறிஞர் சேர்த்துப் பார்க்கட்டும்.

ஜாமின் கொடுத்தால் தொகையும் ஜாமின்தாரர் எண்ணிக்கையும் அறிவிப்பார்கள். ஜாமின்தாரர் மலேசியக் குடிமகனாக, நிரந்தர முகவரியோடு, தன் சொந்தப் பணத்தைக் கட்டக்கூடியவராக இருக்க வேண்டும். நீங்களே நிற்கலாம். மைகார்டு (அடையாள அட்டை), சம்பளச் சீட்டு அல்லது வங்கி அறிக்கை கையில் இருக்கட்டும். பணத்தை எந்த வங்கியில், எந்த முறையில் கட்டுவது என்பதை அந்தக் கோர்ட்டின் ஜாமின் கவுன்டரில் கேட்டுச் செய்யுங்கள். பல இடங்களில் ஜாமின்தாரர் பெயரில் வங்கியில் போட்டுப் புத்தகத்தைக் கோர்ட்டில் ஒப்படைப்பார்கள். அது செலவாகும் பணம் அல்ல. வழக்கு முடிந்து, மகன் ஒரு தவணையும் தவறாமல் வந்திருந்தால், கோர்ட் விடுவிப்புக் கடிதத்தோடு திரும்ப எடுத்துக்கொள்ளலாம். அவர் வராவிட்டால் வாரண்ட் வரும். ஜாமின்தாரரைக் கூப்பிட்டு ஏன் இந்தப் பணத்தைப் பறிமுதல் செய்யக்கூடாது என்று காரணம் கேட்பார்கள். அத்தை மாமன் யாரையாவது 'சும்மா கையெழுத்துதான்' என்று நிறுத்த வேண்டாம்.

தொகை உங்கள் சக்திக்கு மீறினால் அன்றே வழக்கறிஞர் குறைக்கக் கேட்கலாம். கிடைக்கவில்லையென்றால் ஹைகோர்ட்டில் கேட்கலாம். ஜாமின் அளவுக்கு மீறியதாக இருக்கக்கூடாது என்று 389ஆவது பிரிவு சொல்கிறது. ஹைகோர்ட் பயன்படும் இடம் இதுதான். ஆலோங்கிடம் வட்டிக்கு எடுத்து ஜாமின் கட்டாதீர்கள். வழக்கு ஒன்றரை வருடம் ஓடும், வட்டி அதுவரை ஓடும்.

இனி அந்த 15,000 வெள்ளி. கோர்ட் வளாகத்தில் சுற்றும் இவர்களை மலாயில் 'உலாட்' என்பார்கள். பெயருக்கு ஏற்ற புழுதான். சிலர் சம்பளத்துக்கு ஜாமின்தாரராக நிற்பவர்கள், சிலர் 'ஆஃபீசரைத் தெரியும், எடையைக் குறைக்கலாம்' என்பவர்கள். இரசாயன அறிக்கை இயல்பாகவே 27 கிராம் என்று வந்தால், 'பார்த்தீர்களா, நான்தான் குறைத்தேன்' என்பார். 31 என்று வந்தால் போனை எடுக்கமாட்டார். அவருக்கு நஷ்டமே இல்லாத வியாபாரம். அதிகாரிக்குக் கொடுக்க என்று பணம் கொடுப்பவரும் லஞ்சக் குற்றவாளி; மகன் ஒரு வழக்கில், தாய் இன்னொரு வழக்கில் என்று ஆகிவிடும்.

வழக்கறிஞருக்கு வசதி இல்லையென்றால் தேசிய சட்ட உதவி அறநிறுவனம் இருக்கிறது, வொய்.பி.ஜி.கே என்று கேட்டால் கோர்ட்டில் காட்டுவார்கள். ரிமாண்ட், ஜாமின், விசாரணை எல்லாவற்றுக்கும் வழக்கறிஞர் தருவார்கள்; விசாரணைக்கு வருமானத்தைப் பார்ப்பார்கள். மரண தண்டனை வழக்குகளை அவர்கள் எடுப்பதில்லை. அவற்றுக்குக் கோர்ட்டே வழக்கறிஞரை நியமிக்கும்.

ஜாமின் வராமலே போனால்? 'ஒப்புக்கொள், சீக்கிரம் முடியும்' என்று உள்ளே இருப்பவர்கள் மகனிடம் சொல்வார்கள். 39ஏ(2)-இல் ஒப்புக்கொண்டால் ஐந்து ஆண்டுக்குக் கீழே நீதிபதியால் போக முடியாது; பத்து பிரம்படிக்குக் கீழேயும் போக முடியாது. இரசாயன அறிக்கையைப் பார்க்காமல், ரெப்ரசென்டேஷனுக்குப் பதில் வராமல் ஒப்புக்கொள்வது, விலை தெரியாமல் கையெழுத்துப் போடுவது மாதிரி. அடுத்த சந்திப்பில் இதை நீங்களே அவரிடம் சொல்லுங்கள். தண்டனை ஆனாலும், கைதான நாளிலிருந்து கணக்கிடும்படி வழக்கறிஞர் கேட்க வேண்டும். கேட்காமல் விட்டால் தீர்ப்பு நாளிலிருந்துதான் ஓடும்.

இப்போதைக்கு, அடுத்த தவணைத் தேதி அன்று காலையிலேயே போங்கள். தோட்டக் கடிதம், பட்டறைக் கடிதம், டயாலிசிஸ் தாள், ஜாமின்தாரரின் மைகார்டு, வங்கிப் புத்தகம் எல்லாம் ஒரு பையில் இருக்கட்டும். அறிக்கை அன்று வந்து எடை 30-க்குக் கீழே என்றால் குற்றச்சாட்டு அன்றே மாறலாம், ஜாமினும் அன்றே கிடைக்கலாம். கவுன்டர் மூடுவதற்குள் பணம் கட்டி முடியவில்லையென்றால் மகன் அன்றிரவு மறுபடி சிறை வண்டியில்தான் ஏறுவார். மறுநாள் நீங்கள் கட்டிய பிறகு விடுவிப்பு ஆணை சிறைக்குப் போய்ச் சேர வேண்டும். வெள்ளிக்கிழமைத் தவணையானால் மதிய இடைவேளை நீளம், அதற்கு மறுநாள் சனி.